பெயர் எங்கே?

"எம் பிள்ள பேரு எங்க சார் இருக்கு?"

கேட்டவர் ஒரு தாய். ஏலக்காய் பறித்துப் பறித்து நகக்கண் கறுத்துப்போன கைகளில் பள்ளி ஆண்டு விழா அழைப்பிதழை விரித்துப் பிடித்துக்கொண்டு கேட்டார். எழுத்தறியாதவர். அன்று அவர் மலைக்குப் போகவில்லை. போயிருந்தால் ஒரு நாட்கூலி கிடைத்திருக்கும். விடியுமுன்னே தேவாரத்துத் தெருமுனைகளில் வந்து நிற்கும் ஜீப்புகளில் ஒன்றில் ஏறி, மற்றப் பெண்களோடு நெருக்கியடித்து அமர்ந்து, போடிமெட்டு வழியாகவோ கம்பம்மெட்டு வழியாகவோ மலையேறி, எல்லைக்கு அப்பால் கேரளத்துத் தோட்டங்களிலே குனிந்த முதுகு நிமிராமல் உழைத்து, இருட்டிய பின் வீடு திரும்பும் வாழ்வு அவருடையது. அந்த ஒரு நாட்கூலியை விட்டுவிட்டு வந்திருந்தார், மகள் எழுதிய நாடகத்தைக் காண.

ஆம், மகள் எழுதிய நாடகம். ஒன்பதாம் வகுப்பு மாணவி அவள். "மலைக்குப் போகிறவர்களைப் பற்றி ஒரு சிறு நாடகம் போடலாம், யார் எழுதுகிறீர்கள்?" என்று நான் கேட்டதற்கு மறுநாளே பதினான்கு பக்கம் எழுதிக்கொண்டு வந்தாள். ஜீப் ஓட்டுநரும், கங்காணியும், கைக்குழந்தையை வீட்டில் விட்டுவிட்டுக் கிளம்பிய இளந்தாயும் அந்தப் பக்கங்களிலே பேசினார்கள். புத்தகத்துத் தமிழிலே அல்ல, எங்கள் தெருத் தமிழிலே பேசினார்கள். நான் செய்தது என்ன? ஒற்றுப் பிழைகளைத் திருத்தினேன். இரண்டு காட்சிகளை ஒன்றாக்கினேன். முடிவிலே எழுச்சிமிக்க ஒரு சொற்பொழிவைச் சேர்த்தேன். (நாடகத்திலே கைதட்டல் பெறாத பகுதி அது ஒன்றுதான் என்பதையும் இங்கேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.) அழைப்பிதழ் அச்சாகி வந்தது. "கதை, வசனம், இயக்கம்" என்பதற்கு எதிரே என் பெயர், பட்டத்தோடு! அச்சுக் கோத்தவர் செய்த பிழையன்று. எழுதிக் கொடுத்தவன் நான்.

அந்தத் தாய் கேட்டபோது நான் என்ன செய்தேன் தெரியுமா, தோழர்களே? விரலை வைத்து, "இதோ" என்று என் பெயரையே காட்டினேன். அவர் அந்த எழுத்துக்களை மெல்லத் தடவிப் பார்த்தார். முகம் மலர்ந்தது. நான்காக மடித்துச் சுருக்குப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

உழைப்பவனுக்கு உரியது உழைப்பவனுக்கே என்று மேடைதோறும் முழங்குகிறவன் நான். அன்றிரவு உறக்கம் வரவில்லை என்று எழுதினால் பொய்யாகும். உறக்கம் வந்தது. வருவதற்கு முன் மனம் சமாதானங்களைத் தேடி அலைந்தது. "பெயர் போட்டுக்கொள்வது என்ன அவ்வளவு பெரிய காரியம்? சினிமாவிலே நடக்காததா? எத்தனை பேர் எழுதியது எத்தனை பேர் பெயரில் வந்திருக்கிறது!" இந்தச் சமாதானமே என்னைச் சிக்கவைத்தது. சினிமாவில் நடந்தது என்ன என்று பார்க்கத் தொடங்கினேன். பார்க்கப் பார்க்க, சமாதானம் சாட்சியாக மாறி, எனக்கெதிரே கூண்டில் ஏறி நின்றது.

கூண்டு என்றதும் நினைவு வருகிறது. அதே ஆண்டு விழாவிலே ஒரு மாணவன் 'பராசக்தி' படத்து நீதிமன்றக் காட்சியை ஒரு சொல் பிசகாமல் பேசி அரங்கை அதிரவைத்தான். 1952 அக்டோபர் 17இல் வெளிவந்த படம். அவனுடைய பாட்டனாரே அன்று சிறுவராக இருந்திருப்பார். மறுநாள் வகுப்பில் கேட்டேன்: "யாருடைய வசனம்?" "சிவாஜி வசனம், சார்!" என்றனர் பலர். "கலைஞர் எழுதியது" என்றனர் சிலர். "கதை யாருடையது?" என்றேன். வகுப்பு வாய்மூடிக் கிடந்தது. பாவலர் பாலசுந்தரம் என்பவர் எழுதிய நாடகந்தான் அந்தப் படத்தின் மூலக்கதை. வசனத்தைக் கொண்டாடுகிற நாம், நம் இயக்கத்தின் பெருமையென மார்தட்டுகிற நாம், அந்தப் பெயரை எத்தனை மேடையிலே சொல்லியிருக்கிறோம்? பிறர் இருட்டடிப்புச் செய்தார்கள் என்று குமுறுமுன்னே நம் வீட்டு விளக்கையும் சற்றுத் தூண்டிவிட்டுப் பார்க்கத்தான் வேண்டும்.

தமிழ்ப் படத்திலே எழுத்தாளன் என்று ஒருவன் இருக்கிறான் என்பதை நாடு அறிந்ததே கொஞ்சம் பிந்தித்தான். 1931இல் 'காளிதாஸ்' பேச ஆரம்பித்தது. பேசியதைவிடப் பாடியதே மிகுதி. அடுத்து வந்த படங்களிலும் பாட்டுக்கு நடுவே இளைப்பாறிக்கொள்ளும் இடைவெளியாகவே பேச்சு இருந்தது. அந்தப் பேச்சும் எந்தத் தமிழ்? வடமொழி பாதி, ஒரு குலத்தாரின் வீட்டு வழக்கு பாதி! அரசனும் அப்படியே பேசினான், ஆண்டியும் அப்படியே பேசினான். அதை எழுதியவர் யார் என்று கேட்பாரில்லை. கேட்கத் தக்கதாக அது இருக்கவும் இல்லை.

1937இல் 'அம்பிகாபதி' வந்தது. எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கினார். எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்தார். உரையாடலை எழுதியவர் இளங்கோவன். இயற்பெயர் தணிகாசலம். செங்கற்பட்டுக்காரர், 'மணிக்கொடி' எழுத்தாளர் கூட்டத்திலே ஒருவர். சிலம்பு தந்த அடிகளின் பெயரைத் தனக்குச் சூட்டிக்கொண்டவர், அந்தப் பெயருக்கு ஏற்ற தமிழைத் திரைக்குக் கொண்டுவந்தார். எண்ணிப் பாருங்கள்: படத்தை இயக்குகிறவருக்குத் தமிழ் தெரியாது. ஆங்கிலத்து ரோமியோ-ஜூலியட்டின் காதற்காட்சியைப் போல வேண்டும் என்று அவருக்கு ஆசை. அந்த ஆசையைக் கம்பன் மகனின் காதலாக, சோழநாட்டுத் தமிழாக மாற்றியாகவேண்டும். ஒளிப்பதிவுக் கருவி அமெரிக்கரின் கண் வழியே பார்க்கலாம். பாகவதர் குரலிலே மக்கள் மயங்கலாம். ஆனால் பாட்டு நின்றதும் அந்தக் காதலர் பேசும் சொல்? அது முழுக்க முழுக்க ஒருவருடைய மேசையிலிருந்து வந்தது.

அதன் பிறகு 'அசோக்குமார்' (1941), 'கண்ணகி' (1942), 'ஹரிதாஸ்' (1944) என்று அவர் பேனா ஓடியது. 'கண்ணகி'யை எடுத்தது ஜூபிடர் நிறுவனம், இயக்கியவர் ஆர்.எஸ். மணி. கண்ணகியாக நின்றவர் பி. கண்ணாம்பா. அவருடைய தாய்மொழி தெலுங்கு! பாண்டியன் அவையிலே சிலம்பை ஏந்தி நின்று அந்தத் தெலுங்கு மங்கை பொழிந்த தமிழைக் கேட்டு, தமிழ்நாடு மெய்சிலிர்த்தது. இதிலே யாருடைய பங்கு எவ்வளவு? குரல் கண்ணாம்பாவுடையது, கோபமும் அவருடையது, கண்ணீரும் அவருடையதே. சொல் இளங்கோவனுடையது. ஒன்றைவிட்டு மற்றொன்று இல்லை. ஆனால் கொட்டகையை விட்டு வெளியே வந்தவன் கண்ணாம்பாவின் தமிழ் என்றுதான் சொன்னான். அதற்காக அவனைக் குறைகூறவும் முடியாது. கண்ணுக்குத் தெரிந்தவருக்குத்தானே மாலை போடமுடியும்! கண்ணுக்குத் தெரியாதவனைக் காட்டுவதற்காகத்தான் படத்தின் தொடக்கத்தில் அந்தச் சில நொடிகள், அந்தப் பெயர்ப் பட்டியல், ஏற்பட்டன. கொட்டகைக்குள்ளே ஆட்கள் இடம் தேடித் தடுமாறுகிற நேரமாகப் பார்த்து அதை ஓட்டுகிறார்கள் என்பது வேறு கதை.

இளங்கோவனைப் போற்றும்போதே ஒன்றைச் சொல்லியாகவேண்டும். 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே கொட்டகையிலே மூன்று தீபாவளிகளைக் கண்ட படம். அதிலே தமிழ் மணத்தது, கருத்து? தாய் தந்தையரை மறந்த மகன் தண்டனை பெற்று, திருந்தி, பக்தனாகிப் பாடுகிற பழைய பாதைதான். மதி மயக்கியவள் ஒரு தாசி. குற்றமெல்லாம் அவள் தலையிலே. தமிழுக்கு முடிசூட்டியவர், அந்த முடியைப் புராணத்தின் தலையிலேயே வைத்தார். முதலாளி கேட்ட கதை அது, காலம் கேட்ட கதை அது என்று சொல்லலாம். சொல்லுகிறவர்களுக்கு என் கேள்வி ஒன்றுண்டு: புகழ் கேட்கும்போது "என் எழுத்து" என்பதும், பழி வரும்போது "அவர்கள் கேட்டதை எழுதிக்கொடுத்தேன்" என்பதும் ஒரே வாயிலிருந்து வரலாமா? இதற்குப் பிறகு வருகிறேன்.

அதே டங்கன் 1950இல் இன்னொரு படத்தை இயக்கினார். சேலம் மாடர்ன் தியேட்டர்சின் 'மந்திரி குமாரி'. அவருக்கு அப்போதும் தமிழ் தெரியாது. இம்முறை எழுதியவர் மு. கருணாநிதி. குண்டலகேசியின் கதையிலிருந்து பிறந்த நாடகம் படமாயிற்று. பெயர் நாடெங்கும் பரவிற்று. ஆனால் அந்தப் பெயர் திரைக்கு வந்த வழி அவ்வளவு எளிதன்று. மூன்றாண்டுகளுக்கு முன், 1947இல், எம்.ஜி.ஆர். கதாநாயகனாக முதன்முதல் தோன்றிய 'ராஜகுமாரி'யிலே, ஏ.எஸ்.ஏ. சாமியின் பெயருக்குக் கீழே 'உதவி' என்ற நிலையில் அந்த இளைஞரின் பெயர் வந்தது. அடுத்த ஆண்டு 'அபிமன்யு'. வசனம் எழுதினார். படம் வெளிவந்தது. ஊரிலே நண்பர்கள், உறவினர்கள், எல்லோரும் பார்க்கப்போகும் படம். பெயர்ப் பட்டியல் ஓடிற்று. அவர் பெயர் அதிலே இல்லை!

அப்போது அவருக்கு வயது இருபத்து மூன்று. என் வயதும் அதை ஒட்டியதுதான். இருட்டுக் கொட்டகையிலே அமர்ந்து, தன் சொல்லை மற்றவர் வாயிலே கேட்டுக்கொண்டு, தன் பெயர் வரும் என்று காத்திருந்து வராமற்போன அந்த நொடியை என்னால் எண்ணிப் பார்க்க முடிகிறது. என் மாணவி அழைப்பிதழைப் பார்த்தபோது அவள் முகம் எப்படி இருந்தது என்று நான் பார்க்கவில்லை. பார்க்காதபடி நடந்துகொண்டேன்.

அந்த இளைஞர் ஐந்து முறை முதலமைச்சராகி, 2011இல் 'பொன்னர் சங்கர்' வரை எழுதினார். 1947 முதல் கணக்கிட்டால் அறுபத்து நான்கு ஆண்டுகள். 1949இல் அண்ணாவின் 'நல்லதம்பி'யும் 'வேலைக்காரி'யும் வந்தபோதே, கதை வசனம் எழுதியவர் பெயரைப் பார்த்துக் கொட்டகைக்குப் போகும் வழக்கம் பிறந்துவிட்டது. வசனம் தனிப் புத்தகமாக விற்றது; இசைத்தட்டாகச் சுழன்றது. இது வெறும் புகழ்ப் பசியாலே நடந்ததா? இல்லை. இன்ன கருத்தை இன்னார் சொல்கிறார், ஒப்புகிறவன் ஒப்பலாம், எதிர்க்கிறவன் எதிர்க்கலாம் என்று முகம் காட்டிச் சொன்னதன் விளைவு அது. 'பராசக்தி'யைத் தடைசெய் என்று கூக்குரல் எழுந்தபோது யாரைத் திட்டுவது என்று எதிரிகளுக்குத் தெரிந்திருந்தது. அது எவ்வளவு பெரிய மரியாதை!

வெகுதூரம் போவானேன்? தேவாரத்துக்குப் பக்கத்து ஊர் பண்ணைப்புரம். இளையராசா பிறந்த ஊர் என்று எங்கள் ஊர்க் குழந்தையும் சொல்லும். அவருடைய முதற்படம் 1976இல் வந்த 'அன்னக்கிளி' என்பதும் தெரியும். பாட்டுக்களும் மனப்பாடம். அந்தப் படத்தின் கதை யாருடையது என்று தேநீர்க்கடையிலே நான்கு பேரைக் கேட்டேன். பஞ்சு அருணாசலம் என்றார் ஒருவர். திரைக்கதை வசனம் அவருடையது, கதை அவருடையதன்று. ஆர். செல்வராசு என்று சொன்னவர் ஒருவரும் இல்லை. 'முதல் மரியாதை' (1985) என்றால் பாரதிராசா, சிவாஜி, ராதா என்று அடுக்குகிறார்கள். அதை எழுதியவரும் அதே செல்வராசுதான் என்றேன். "அப்படியா!" என்று தேநீரை ஊதிக் குடித்தார்கள்.

உலகமே இப்படித்தான் என்பதற்கும் சான்று உண்டு. யூகோஸ்லாவியா என்றொரு நாடு இருந்தது. இன்று அது பல நாடுகளாகப் பிரிந்துவிட்டது. அங்கே 1960-களிலிருந்து திரைக்கதை எழுதிவந்தவர் கோர்தன் மிஹிச். நாடோடி மக்களாகிய ஜிப்சிகளின் வாழ்வைக் காட்டும் 1988ஆம் ஆண்டுப் படமொன்றை எமிர் குஸ்துரிசாவுடன் சேர்ந்து எழுதினார். மறு ஆண்டு பிரான்சு நாட்டுக் கான் விழாவிலே சிறந்த இயக்குநர் பரிசு குஸ்துரிசாவுக்குக் கிடைத்தது. உலகப் படவிழாக்களை விரும்பிப் பார்க்கிற நம் இளைஞர்களுக்குக் குஸ்துரிசாவைத் தெரியும். மிஹிச்சை? நாடு மறைந்ததைப் போல் எழுதியவனும் மறைந்துபோனான்!

இங்கே ஒரு குரல் குறுக்கிடும். நமக்குப் பழகிய குரல். "பெயர் வேண்டும், புகழ் வேண்டும் என்று அலைவது ஆணவமல்லவா? பயன் கருதாமல் பணி செய்வதல்லவா பண்பு? கோயிற் சிற்பி பெயர் வெட்டிக்கொண்டானா? தாலாட்டுப் பாடியவள் கையெழுத்திட்டாளா?" கேட்க இனிக்கிறது. யார் யாருக்குச் சொன்னது என்று பார்த்தால்தான் கசக்கிறது. பயன் கருதாதே என்று உழுகிறவனுக்குச் சொன்னவன், விளைந்த நெல்லைத் தன் வீட்டுக் குதிரில் கொட்டிக்கொண்டான். ஆணவம் கூடாது என்று அந்த மாணவிக்கு நான் போதித்தால், அழைப்பிதழில் இருக்கும் பட்டம் யாருடையது?

மேலும், பெயரழிப்பது தமிழர் மரபா? சங்கப் பாடல்களைத் தொகுத்தவர்களை எண்ணுங்கள். பாடல் கிடைத்தது, பாடியவர் பெயர் கிடைக்கவில்லை. பெயரில்லை என்று விட்டுவிடலாம். தங்களுக்கு வேண்டியவர் பெயரைச் சேர்த்துவிடலாம். யார் கேட்கப் போகிறார்கள்? இரண்டையும் செய்யவில்லை. அந்தப் பாடலிலேயே ஒளிவிடும் ஓர் உவமையை, ஒரு தொடரை எடுத்து அதையே பெயராக்கினார்கள். செம்புலப்பெயல்நீரார், அணிலாடு முன்றிலார், தேய்புரிப் பழங்கயிற்றினார். பெற்றோர் இட்ட பெயர் தொலைந்தாலும் எழுத்து ஈட்டிய பெயர் தொலையலாகாது என்ற நேர்மை அது. இந்தப் பெயர்களைப் பாடமாக நடத்துகிறவன் நான். மதிப்பெண் வினாவாகக் கேட்கிறவன் நான்!

சிற்பிக்குப் பெயரில்லை என்பதும் முழு உண்மையன்று. தஞ்சைப் பெரிய கோயிலின் கல்வெட்டிலே குஞ்சரமல்லனான இராசராசப் பெருந்தச்சன் பெயர் இருக்கிறது. ஆடல் மகளிர் நானூறு பேருடைய பெயர்கள், எந்த ஊரிலிருந்து வந்தவர்கள், எந்தத் தெருவில் எத்தனையாவது வீடு என்பதுவரை இருக்கின்றன. கோயிலையும் கோனாட்சியையும் புகழ இதைச் சொல்லவில்லை. அந்தப் பெண்கள் விரும்பி வந்தார்களா என்று கல்வெட்டு சொல்லாது. கல் சுமந்தவன் பெயரும் அதிலே கிடையாது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே பெயர் எழுதத் தெரிந்திருந்தது, எழுதவேண்டும் என்ற எண்ணமும் இருந்தது, யார் பெயரை விடுவது என்ற கணக்கும் இருந்தது என்பதற்காகச் சொல்கிறேன். எழுதாமல் விட்ட பெயர் தானாக விடுபட்டதன்று. யாரோ விட்டது.

"படம் என்பது கூட்டு முயற்சி, நூறு கை சேர்ந்து சமைத்ததிலே உப்புப் போட்டவனைத் தேடுவானேன்?" என்பது இன்னொரு வாதம். இதிலே நியாயம் இருக்கிறது. நடிகர் ஒரு சொல்லை மாற்றுவார். அது மூலத்தைவிடச் சிறந்திருக்கும். படத்தொகுப்பாளர் ஒரு பக்க வசனத்தை வெட்டி எறிவார், காட்சி உயிர்பெறும். நட்டப்பட்டால் முதலாளி நடுத்தெருவுக்கு வருவார். எழுத்தாளன் வாங்கிய பணத்தைத் திருப்பித் தரமாட்டான். எல்லாம் சரி. நூறு கை என்றால் நூறு பெயர் போடுங்கள் என்றுதானே அதற்குப் பொருள்? ஒரு பெயரைப் பெரிதாகப் போட்டுத் தொண்ணூற்றொன்பதை அழிப்பதற்கா கூட்டு முயற்சி என்று பெயர்! நம் நாட்டுச் சட்டம்கூட இதிலே தெளிவாகவே பேசுகிறது. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 57ஆம் பிரிவு, உரிமையை விற்றுவிட்ட பிறகும், "இதை எழுதியவன் நான்" என்று சொல்லிக்கொள்ளும் உரிமை எழுதியவனுக்கே உண்டு என்கிறது. பணம் கொடுத்து எழுத்தை வாங்கலாம். எழுதியவன் என்ற நிலையை வாங்க முடியாது. 2012இல் வந்த திருத்தம், கொட்டகைக்கு வெளியே படம் பயன்படுத்தப்படும்போது வரும் ஊதியத்திலே எழுத்தாளருக்கும் பங்குண்டு என்று வகுத்தது. சட்டம் இருக்கிறது. கேட்டால் அடுத்த வாய்ப்புக் கிடைக்குமா என்ற அச்சமும் கூடவே இருக்கிறது.

இந்த அச்சத்தின் முழு உருவத்தைக் காண அமெரிக்காவுக்குப் போகவேண்டும். டால்டன் ட்ரம்போ என்ற திரைக்கதை ஆசிரியர். பொதுவுடைமையாளன் என்று குற்றஞ்சாட்டி, 1947இல் நாடாளுமன்றக் குழுவின் முன் நிறுத்தினார்கள். விடைகூற மறுத்தார். 1950இல் சிறை சென்றார். வெளியே வந்தால் எந்த நிறுவனமும் அவர் பெயரைப் போடாது என்ற நிலை. எழுத்து வேண்டும், எழுதியவன் வேண்டாம்! 1953இல் வந்த 'ரோமன் ஹாலிடே' கதை அவருடையது; திரையிலே வந்த பெயர் அவருடைய நண்பர் ஒருவருடையது. அந்தக் கதைக்கு ஆசுகார் பரிசு கிடைத்தது. மேடையிலே அறிவிக்கப்பட்டதும் நண்பரின் பெயரே. 1957இல் ராபர்ட் ரிச் என்பவருக்கு இன்னொரு ஆசுகார் அறிவித்தார்கள். மேடைக்கு அப்படி ஒருவரும் வரவில்லை. எப்படி வருவார்? அப்படி ஒரு மனிதனே இல்லை. அது ட்ரம்போவின் புனைபெயர். 1960இல் 'ஸ்பார்ட்டகஸ்', 'எக்சோடஸ்' என்ற இரு படங்களிலே அவர் சொந்தப் பெயர் மீண்டும் திரையேறியது. அடிமைகளின் கிளர்ச்சியைச் சொல்லும் படத்திலே அந்தப் பெயர் விடுதலையானது பொருத்தந்தான். ராபர்ட் ரிச்சுக்கு உரிய பரிசை 1975இல் அவர் கையிலே கொடுத்தார்கள். மறு ஆண்டு இறந்தார். முதற்பரிசு 1993இல் அவருடைய மனைவியிடம் வந்து சேர்ந்தது.

ட்ரம்போவின் எதிரிகள் ஏன் பெயருக்கு அஞ்சினார்கள்? சம்பளத்தை மிச்சம் பிடிப்பதற்கா? அது மட்டுமல்ல. பெயர் தெரிந்தால், இவன் எழுதிய காதற்கதை நம்மைச் சிரிக்கவைக்கிறதே, இவனையா நாட்டின் பகைவன் என்றார்கள் என்று மக்கள் எண்ணத் தொடங்குவார்கள். பெயர் என்பது எழுத்துக்கு ஒட்டிய சீட்டன்று. எழுத்தையும் மனிதனையும் கட்டும் கயிறு. அந்தக் கயிற்றின் ஒரு நுனியிலே மாலை தொங்குகிறது. மறு நுனியிலே விலங்கு தொங்குகிறது. இரண்டையும் சேர்த்துத்தான் ஏற்கவேண்டும். இளங்கோவனிடம் நான் கேட்கத் துணிந்த கேள்வியை இன்றைய எழுத்தாளரிடமும் கேட்கிறேன். பெண்ணை இழிவாகப் பேசும் வசனத்தை, சாதிச் செருக்குக்குச் சாமரம் வீசும் வசனத்தை எழுதிவிட்டு, "இயக்குநர் கேட்டார், எழுதினேன், பாத்திரம் பேசுகிறது, நானல்ல" என்று நழுவுகிறவர்களே, திரையிலே உங்கள் பெயர் பெரிய எழுத்தில் வரவேண்டும் என்று ஒப்பந்தம் போட்டீர்களே, அது எதற்கு? தீயவன் பேசத்தான் வேண்டும். தீயவனைப் பேசவைப்பதே நாடகம். ஆனால் தீயவன் பேச்சுக்குக் கைதட்டல் வரும்படி எழுதினீர்களா, கண்திறக்கும்படி எழுதினீர்களா என்பது உங்கள் பேனாவுக்குத் தெரியும்.

இதனாலேதான் என் குற்றம் நான் நினைத்ததைவிடப் பெரியது. அவளுடைய புகழை மட்டும் நான் எடுத்துக்கொள்ளவில்லை. அந்த நாடகத்திலே கங்காணி பேசும் ஒரு பேச்சு சிலருக்குச் சினமூட்டியது. விழா முடிந்ததும் என்னிடம் வந்து, "இதெல்லாம் தேவையா?" என்று கேட்டார்கள். நான் என்ன சொன்னேன்? "பிள்ளைகள் எழுதியது, ஏதோ ஆர்வக் கோளாறு" என்றேன்! மாலைக்கு என் கழுத்து. விலங்குக்கு அவள் கை. பட முதலாளிகளை இதுவரை எத்தனை சொற்களால் சாடியிருப்பேன்! அவர்களில் பலர் இவ்வளவு தூரம் போனதில்லை.

அவளிடம் சொன்னேன், வகுப்பிலே, எல்லோர் முன்னிலையிலும். நாடகத்தை எழுதியவள் அவள், பெயரைத் தவறாகப் போட்டவன் நான் என்று. மாணவர்கள் திரும்பி அவளைப் பார்த்தார்கள். அவள் தலையைக் குனிந்துகொண்டே, "அம்மாகிட்ட நீங்களே சொல்லிருங்க சார்" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள்.

மாலையிலே தெருமுனையில் போய் நின்றேன். இருட்டிய பின் ஜீப் வந்தது. தூக்குவாளியோடு ஒவ்வொருவராக இறங்கினார்கள். அவர் என்னைக் கண்டதும், மகளுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பதறினார். இல்லை என்றேன். அழைப்பிதழ் இருக்கிறதா என்று கேட்டேன். சுருக்குப் பையிலேயே இருந்தது. மலைக்கும் கொண்டுபோயிருக்கிறார், உடன் வேலை செய்யும் பெண்களுக்குக் காட்ட. தெருவிளக்கின் அடியிலே அதை விரித்து, என் பெயரை அடித்துவிட்டு, அதற்கு மேலே அவளுடைய பெயரை எழுதிக் கொடுத்தேன்.

"அப்ப அன்னைக்குக் காட்டுனது யாரு பேரு சார்?"

"என் பேரும்மா."

அவர் என்னையும் தாளையும் மாறி மாறிப் பார்த்தார். "அன்னைக்கே சொல்லிருக்கலாம்ல? நாங்க காட்டுல அத்தன பேருகிட்டயும் காட்டிட்டேனே" என்றார். இம்முறை எழுத்துக்களைத் தடவிப் பார்க்கவில்லை. மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, உலை வைக்க நேரமாகிறது என்று நடந்துவிட்டார்.